தேடல் பெட்டியில் ஒரு கரடி

ஒரே ராஜாவை ஒரே நாளில் இரண்டு பள்ளிக்கூடங்களுக்கு வாடகைக்கு விட்டுவிட்டார் அத்தை. இரண்டாவது பள்ளியில் ராஜா இல்லாமலே நாடகம் நடந்தது. மந்திரி சமாளித்தாராம். "அரசர் வேட்டைக்குப் போயிருக்கிறார்" என்று கடைசிக் காட்சி வரை சொல்லிக்கொண்டே இருந்தாராம்.

அத்தை என் மாமியார். வேஷ உடைகளை வாடகைக்கு விடும் கடை வைத்திருக்கிறார். கீழே கடை, மேலே வீடு. மேலே இரண்டு அறைகள் எனக்கு. என் மனைவி இருந்தவரை கடையின் முன்பதிவுகளை அவள்தான் பார்த்துக்கொண்டாள். எந்தத் தேதியில் எந்தச் சிங்கம் எங்கே நிற்கும் என்பது அவளுக்கு மனப்பாடம். அவள் இறந்து பதினான்கு மாதங்கள் ஆகின்றன. அதன் பிறகு அத்தை ஒரு நோட்டில் எழுதி வந்தார். முன்பக்கத்திலிருந்து பள்ளிகள். பின்பக்கத்திலிருந்து மற்றவர்கள். நடுவில் இரண்டும் சந்தித்துக்கொண்ட இடத்தில் ராஜா மாட்டிக்கொண்டார்.

விஷயம் என் மனைவியின் தங்கை காதுக்குப் போனது. வீட்டில் அவளைச் சின்னவள் என்பார்கள். பிஸ்கட் தொழிற்சாலையில் தரக் கட்டுப்பாட்டுப் பிரிவில் வேலை. ஓடுகிற பெல்ட்டில் உடைந்த பிஸ்கட் எது என்று பார்க்காமலே சொல்வாள் என அத்தை எல்லோரிடமும் பெருமை அடித்துக்கொள்வார். அந்தக் கண் இப்போது கடையின் மேல் விழுந்தது.

ஒரு செவ்வாய்க்கிழமை மாலை வந்தாள். பையைக்கூடக் கீழே வைக்கவில்லை.

"அம்மா, போதும். கடையை மூடிடலாம்."

"ஒரு ராஜாவுக்காகவா?"

"போன மாசம் விண்வெளி வீரரை ஹெல்மெட் இல்லாம அனுப்பி வெச்சே."

"மறுநாள் ஹெல்மெட்டைக் குடுத்துட்டேனே."

"மறுநாள் வரைக்கும் அவன் மூச்சை அடக்கிட்டு இருந்தானா?"

கடையின் வாடகை ஒப்பந்தம் மாதக் கடைசியில் முடிகிறது. புதுப்பிக்க அத்தையும் சின்னவளும் சேர்ந்து கையெழுத்துப் போட வேண்டும். அடுத்த வாரம் சனிக்கிழமை மதியம் கட்டட உரிமையாளர் வந்து வாங்கிக்கொள்வதாகச் சொல்லியிருந்தார்.

"பத்து நாள் தரேன்" என்றாள் சின்னவள். "நாளையிலேர்ந்து அடுத்த வெள்ளி வரைக்கும். எல்லாமே கம்ப்யூட்டர்ல. நோட்டு கிடையாது. ஒரே ஒரு தப்பு வந்தாலும் ஷட்டரை எறக்கிட்டு என்கூட வந்துடணும்."

"வந்து?"

"வந்து ரெஸ்ட் எடு."

"நான் என்ன ஓடியா களைச்சுட்டேன்?"

சின்னவள் மேஜையில் இருந்த நோட்டைப் பைக்குள் போட்டுக்கொண்டாள். வேண்டிய பக்கங்களை மட்டும் போனில் படம் பிடித்து எனக்கு அனுப்பினாள். "அத்தான், நீங்கதான் சாட்சி" என்றாள்.

"சரி" என்றேன். அந்த நாட்களில் எதைக் கேட்டாலும் சரி என்றுதான் சொன்னேன். பேச்சு அங்கேயே முடிந்துவிடும்.

கடை இருக்க வேண்டுமா, மூட வேண்டுமா என்பதில் எனக்குக் கருத்தேதும் இல்லை. மூடினால் வேறு அறை பார்த்துக்கொள்ளலாம். ஆனால் சின்னவள் போன பிறகு அத்தை முதுகைக் காட்டி உட்கார்ந்து சிங்கத்தின் பிடரியைச் சீவ ஆரம்பித்தார். ஒரே இடத்தைச் சீவினார். முடி சீப்போடு வந்தது. மேலே போகக் காலெடுத்தவன், திரும்பி வந்து கம்ப்யூட்டரைப் போட்டேன்.

நான் ஒரு காப்பீட்டு நிறுவனத்தில் மென்பொருள் சோதிப்பவன். ஜனங்கள் எந்தப் பொத்தானை எங்கே தப்பாக அழுத்துவார்கள் என்று யோசிப்பதற்குச் சம்பளம் வாங்குகிறேன். அத்தைக்குப் புதிதாக ஒரு மென்பொருள் பழக்கப் பத்து நாள் போதாது. ஆனால் பிரவுசர் திறந்தவுடன் வரும் முகப்புப் பக்கத்தை நம் இஷ்டத்துக்கு மாற்றிக்கொள்ளலாம். விட்ஜெட் என்று சின்னச் சின்னப் பெட்டிகள் இலவசமாகக் கிடைக்கின்றன. கடிகாரம் வேண்டுமா, ஒரு பெட்டி. வானிலையா, இன்னொன்று. கம்ப்யூட்டரைப் போட்டால் கடை முழுதும் அந்த ஒரு பக்கத்தில் தெரிய வேண்டும். அதுதான் என் திட்டம்.

இரண்டு மணி நேரத்தில் பதினோரு பெட்டிகள் வைத்தேன். பெரிய கடிகாரம். மாதக் காலண்டர். வானிலை. "இன்று போக வேண்டியவை", "இன்று வர வேண்டியவை" என்று இரண்டு பட்டியல்கள். புதுப் பதிவுக்கு மூலையில் ஒரு பச்சைப் பொத்தான். பத்து நாளில் எத்தனை மிச்சம் என்று எண்ணும் ஒரு பெட்டி. மற்றவை எதற்கென்று எனக்கே இப்போது நினைவில்லை. நோட்டிலிருந்த பழைய முன்பதிவுகளை நானே ஏற்றினேன். அவை அடுத்த செவ்வாய் வரை இருந்தன.

மறுநாள் காலை அத்தையைக் கூப்பிட்டுக் காட்டினேன். கடையின் தையல்காரரும் வந்து நின்றார். மாஸ்டர் என்றுதான் அவரைக் கூப்பிடுவோம். கிழிந்த வால்களையும் பிய்ந்த காதுகளையும் ஒட்டுப்போடுவது அவர் வேலை.

"இது யார் வீடு?" என்றார் அத்தை. பக்கத்தின் பின்னணியில் ஒரு மலையடிவாரம் தெரிந்தது. ஏரிக்கரையில் ஒரு மரவீடு.

"சும்மா படம், அத்தை. தினமும் மாறும்."

"தினமும் வேற வேற ஆள் வீட்டுக்குள்ள எட்டிப் பாக்கணுமா? எடுத்துடுங்க மாப்பிள்ளை."

எடுத்தேன்.

"மேகம் எதுக்கு? நம்மகிட்டதான் மேகம் நாலு இருக்கே. அட்டையில செஞ்சது."

"அது வானிலை, அத்தை. மழை வருமான்னு சொல்லும்."

"ஓ. அப்ப இருக்கட்டும். மழையில முயல் நனைஞ்சா ஒரு வாரம் காயாது."

"என் கத்தரிக்கோல்மேல மழை விழுந்தா துரு பிடிக்கும். அதையும் சொல்லுமா சார்?" என்றார் மாஸ்டர்.

"மாஸ்டர் எத்தனை மணிக்கு வருவார்னு சொல்லுமான்னு கேளுங்க" என்றார் அத்தை. "அதுக்குத்தான் பெட்டி வேணும்."

கீழ் மூலையில் ஒரு பெட்டி தினம் ஒரு பொன்மொழி சொல்லும். அது தானாக வந்தது. அன்று, "இன்று உன் வாழ்வின் மிகச் சிறந்த நாள்" என்றது. அத்தை கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு இரண்டு தரம் படித்தார்.

"இதுக்கு எப்படித் தெரியும்?" என்றார்.

அதையும் எடுத்தேன். எனக்கும் அது பிடிக்கவில்லை.

பச்சைப் பொத்தானை எப்படி அழுத்த வேண்டும், எங்கே தேதி, எங்கே உடை என்று ஒருமுறை செய்து காட்டினேன். அத்தை தலையாட்டினார். பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது. கிளம்பிவிட்டேன்.

அன்று முதல் தினமும் மாலையில் திரும்பி வரும்போது கேட்பேன். "பதிவெல்லாம் எழுதினீங்களா, அத்தை?"

"எழுதிட்டேன் மாப்பிள்ளை."

"ஒண்ணும் சிக்கல் இல்லையே?"

"என்ன சிக்கல்? எழுதறேன், தட்டறேன், கீழ வரிவரியா வருது. நல்லா வேலை செய்யுது."

நான் மேலே போய்விடுவேன். போக வேண்டியவை போயின. வர வேண்டியவை வந்தன. ஆறு நாள் ஒரு தப்பும் இல்லை. ஏழாம் நாள் செவ்வாய்க்கிழமை ஒட்டகச்சிவிங்கியின் கழுத்துகூட மறக்காமல் உடம்போடு சேர்ந்து திரும்பி வந்தது. புதன்கிழமை காலை பட்டியல் இரண்டும் காலியாக இருந்தன. வியாபாரம் மந்தம் போல என்று நினைத்துக்கொண்டே ஷூவை மாட்டினேன்.

அன்று மாலை நான் கடைக்குள் நுழைந்தபோது போன் அடித்துக்கொண்டிருந்தது. அத்தை எடுத்தார். பள்ளி நாடக ஆசிரியை. வெள்ளிக்கிழமை காலை நாடகம். முப்பத்தொரு உடைகளும் தயாரா என்று கேட்டார்.

"தயார்தான் டீச்சர். எல்லாம் கம்ப்யூட்டர்ல இருக்கு. ஒரு நிமிஷம், மாப்பிள்ளை பாத்துச் சொல்வார்."

காலண்டர் பெட்டியில் வெள்ளிக்கிழமையைத் தட்டினேன். ஒன்றுமில்லை. வியாழனைத் தட்டினேன். சனியைத் தட்டினேன். மாதம் முழுக்கத் தட்டினேன். வெள்ளைவெளேரென்று இருந்தது.

"அத்தை, எங்க எழுதினீங்க?"

"இங்கதான்."

பக்கத்தின் நடுவில் விரல் வைத்தார். அங்கே தேடல் பெட்டி இருந்தது. பதினோரு பெட்டிகளுக்கு நடுவே அகலமாக, காலியாக. பக்கம் திறந்ததும் கோடு மினுமினுப்பது அதற்குள்தான். எந்த முகப்புப் பக்கத்திலும் அது இருக்கும். அது இருப்பதே என் கண்ணில் படவில்லை. அத்தை கண்ணில் அது மட்டும்தான் பட்டிருக்கிறது. வந்த முன்பதிவுகள் அத்தனையையும் ஒரு வாரமாக அதில் எழுதி, தட்டி, உலகம் முழுவதும் தேடவிட்டிருக்கிறார்.

"கீழ நிறைய வந்துச்சே" என்றார். குரல் இறங்கியிருந்தது. "பதிஞ்சிடுச்சுன்னு சொல்லுதுன்னு நெனச்சேன்."

ஆசிரியை இன்னும் போனில் இருந்தார். அத்தை என்னைப் பார்த்தார். பிறகு போனில், "எல்லாம் தயார் டீச்சர். நாளைக்கு சாயங்காலம் வண்டி அனுப்புங்க" என்று சொல்லி வைத்துவிட்டு நாற்காலியில் உட்கார்ந்தார்.

"சின்னவகிட்ட என்ன சொல்வேன்?"

மாஸ்டர் தையல் மெஷினை நிறுத்திவிட்டார்.  சுவரோரம் மர வேஷங்கள் எட்டும் சாய்ந்து நின்றன.

தேடியது எல்லாம் பிரவுசரின் ஹிஸ்டரியில் இருக்கும் என்பது அப்போதுதான் உறைத்தது. திறந்தேன். இருநூற்றுப் பதினான்கு வரிகள். ஒன்றுகூடப் போகவில்லை. நாள் வாரியாக, மணி வாரியாக வரிசையாக நின்றன.

"இதோ இருக்கு, அத்தை."

"எல்லாமேவா?" என்றார். அந்தக் குரலில் நிம்மதி பாதி, பயம் பாதி. பயம் எதற்கென்று கொஞ்ச நேரத்தில் தெரிந்தது.

மாஸ்டர் ஒரு பழைய அட்டையை எடுத்து எழுத உட்கார்ந்தார். நான் வாசித்தேன்.

"மரம் எட்டு, வெள்ளி, பள்ளிக்கூடம், கண்ணாடி போட்ட டீச்சர்."

"எட்டு மரம்" என்று எழுதினார் மாஸ்டர்.

"கரடி ஒண்ணு, சனி காலை பத்து மணி, பல் டாக்டர் வாசல்ல நிக்க."

"ஒரு கரடி."

"மாஸ்டர் இன்னிக்கும் லேட்."

மாஸ்டர் பேனாவை நிறுத்தினார். "இதையும் எழுதணுமா சார்?"

"அது எனக்காகப் போட்டது. மேல போங்க மாப்பிள்ளை" என்றார் அத்தை.

"மாஸ்டர் இன்னிக்கு சீக்கிரம் வந்துட்டார் என்ன ஆச்சு."

"ஊருக்கெல்லாம் சொல்லியிருக்கீங்களேம்மா!" என்றார் மாஸ்டர். "இது எங்கெல்லாம் போயிருக்கோ."

இப்படியே போனது. சிங்கத்தின் பல் ஆடுகிறது. நாளை மழை வருமா. மாப்பிள்ளை வெச்ச பெட்டி மழை இல்லைங்குது வானம் கறுத்திருக்கு யாரை நம்பறது. இவற்றுக்கு நடுவே ஆறு முயல், இரண்டு தபால்காரர், ஒரு விண்வெளி வீரர், அடைப்புக்குறிக்குள் போட்ட மாதிரி "ஹெல்மெட்டோட" என்ற ஒற்றைச் சொல். யாரிடமாவது பேச வேண்டும் போல இருந்த நேரமெல்லாம் அத்தை அந்தப் பெட்டியிடம் பேசியிருக்கிறார். பெட்டி ஒவ்வொரு தடவையும் பதில் சொல்லியிருக்கிறது.

"பெரியவ இருந்தா இதை ரெண்டு நிமிஷத்துல முடிச்சிருப்பா" என்று ஒரு வரி வந்தது. அதை நான் வாசிக்கவில்லை. அத்தையும் பார்த்துவிட்டார். அடுத்த வரியில் இரண்டு முயல் கூடுதலாக வேண்டியிருந்தது. அதை வாசித்தேன்.

கொஞ்சம் தள்ளி இன்னொன்று. "மாப்பிள்ளை சிரிக்க என்ன செய்யணும்."

அத்தை மவுஸைப் பிடுங்கப் பார்த்தார். "அது வேற. அது வேற மாப்பிள்ளை."

"என்ன சொல்லுச்சு?" என்று கேட்டேன்.

அத்தை சேலைத் தலைப்பால் மூக்குக் கண்ணாடியைத் துடைத்தார். "நாய் வளக்கச் சொல்லுச்சு."

"அதான் அன்னிக்கு நாய்க்கு மெத்தை தைக்க எவ்வளவு துணி ஆகும்னு கேட்டீங்களா?" என்றார் மாஸ்டர். "நான் நாய் வேஷத்துக்குன்னு நெனச்சு அஞ்சு மீட்டர்னு சொல்லிட்டேன்."

"அதான் இவ்வளவு பெரிய நாய் வேணாம்னு விட்டுட்டேன்."

நான் சிரித்ததாக மாஸ்டர் இன்றுவரை சொல்கிறார். எனக்கு நினைவில்லை.

ஒரு மணி நேரத்தில் அட்டை நிறைந்தது. நாற்பத்தாறு உடைகள், ஒன்பது வாடிக்கையாளர்கள். எல்லாம் சரியாக வந்தன, ஒன்றைத் தவிர. சனிக்கிழமை காலை பத்து மணிக்குப் பல் டாக்டருக்குக் கரடி. அதே சனிக்கிழமை பதினொரு மணிக்குப் புதிதாகத் திறக்கும் செல்போன் கடைக்கும் கரடி. கடையில் இருப்பது ஒரே கரடி.

"முடிஞ்சுது" என்றேன்.

"என்ன முடிஞ்சுது? இன்னிக்கு புதன்தானே?" என்றார் அத்தை. போனை எடுத்தார். மூக்குக் கண்ணாடியைத் தலையில் ஏற்றிவிட்டுக்கொண்டார். அந்தக் கோலத்தில் அவரை நான் பார்த்ததில்லை. கடை நேரத்தில் நான் கடையில் இருந்ததே இல்லை.

"வணக்கம் தம்பி, வேஷக் கடையிலேர்ந்து பேசறேன். உங்க கடை எந்தப் பக்கம் பாத்து இருக்கு? பஸ் ஸ்டாப்புக்கு எதிர்லயா? அடடா. அப்ப கரடி சரிப்படாதே தம்பி. எதனாலயா? பஸ்ஸுக்கு நிக்கற கூட்டத்துல கரடி முங்கிப் போயிடும். யாரோ கறுப்புக் கோட்டுப் போட்டுக்கிட்டு நிக்கறார்னு நெனப்பாங்க. ஒட்டகச்சிவிங்கின்னா கதையே வேற. எட்டடி. பஸ்ல ஜன்னலோரம் உக்காந்திருக்கறவன் மூஞ்சிக்கு நேரா வந்து நிக்கும். குழந்தைங்க பயப்படுமா? கரடிக்குத்தான் தம்பி பயப்படும். இதுக்குக் கண்ணிமையெல்லாம் வெச்சிருக்கு, நம்ம மாஸ்டர் கையால தைச்சது. அதே வாடகைதான். ஆமா. சரி தம்பி. கதவு உயரத்தை மட்டும் அளந்து வெச்சுக்கங்க."

போனை வைத்தார். கரடி ஒன்றாகிவிட்டது.

எட்டு வருடமாக நான் செய்யும் வேலையில் முதல் விதி ஒன்று உண்டு. பயன்படுத்துகிறவர் பக்கத்தில் உட்கார்ந்து பார். வேறு எதையும் செய்வதற்கு முன் அதைச் செய். பதினோரு பெட்டிகள் வைத்தேன், அதைச் செய்யவில்லை.

வியாழனும் வெள்ளியும் அலுவலகத்துக்கு விடுப்பு சொன்னேன். வியாழன் முழுக்க அத்தை பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தேன். போன் வந்தால் அவர் கை எங்கே போகிறது, எதை முதலில் கேட்கிறார், எதைக் கடைசியில் எழுதுகிறார் என்று பார்த்தேன். ஆளை முதலில் விசாரிப்பார். தேதி கடைசியில்தான் வரும். மூலையிலிருந்த பச்சைப் பொத்தான் பக்கம் கண் ஒருமுறைகூடத் திரும்பவில்லை. மாலையில் பள்ளி வண்டி வந்து முப்பத்தொரு உடைகளையும் ஏற்றிக்கொண்டு போனது. எட்டாவது மரம் வண்டிக்குள் அடங்காமல் டிரைவர் பக்கத்து இருக்கையில் உட்கார்ந்து போனது.

அதன் பிறகு பெட்டிகளை ஒவ்வொன்றாக எடுத்தேன். மழைக்கான மேகத்தை மட்டும் விட்டுவைத்தேன். நடுவில் அதே அகலப் பெட்டி. ஆனால் இனி அதில் எழுதுவது வெளியே எங்கும் தேடப் போகாது. ஒரு சின்ன நிரல் எழுதினேன். எழுதும் வரியில் உடையின் பெயர் இருந்தால் அது கண்டுபிடிக்கும். தேதி இல்லாவிட்டால் கேட்கும். அந்த உடை அந்த நாளில் வெளியே போவதாக இருந்தால் வரி சிவப்பாகும். இல்லையென்றால் பச்சையாகிக் கீழே பட்டியலில் சேரும். அத்தை எப்படிப் பேசுவாரோ அப்படியே எழுதலாம். வெள்ளிக்கிழமை மாலைக்குள் வேலை செய்தது.

"முன்ன மாதிரியே இருக்கே" என்றார் அத்தை.

"ஆமா, அத்தை."

"முன்னாடி பண்ணினது தப்புன்னீங்க?"

"தப்பு என்மேல."

அத்தை நாற்காலியை என் பக்கம் திருப்பிக்கொண்டார். "சின்னவகிட்ட நடந்ததைச் சொல்லிடணும்" என்றார். "யாருக்கும் நஷ்டமில்லைதான். ஆனா அவ கண்டுபிடிச்சுடுவா. உடைஞ்சதைக் கண்டுபிடிக்கத்தானே அவளுக்குச் சம்பளம்."

சனிக்கிழமை பத்தரைக்குச் சின்னவள் வந்தாள். ஒப்பந்தத் தாள்கள் ஒரு நீலக் கோப்பில் இருந்தன. அவள் உட்காரும் முன்பே அத்தை எல்லாவற்றையும் ஒப்பித்துவிட்டார். தேடல் பெட்டி, முப்பத்தொன்று, இரண்டு கரடி, ஒட்டகச்சிவிங்கி. ஒன்றையும் மறைக்கவில்லை.

சின்னவள் கோப்பை மூடினாள். "அப்ப முடிஞ்சுது, அம்மா. ஒரு தப்புன்னு சொல்லியிருந்தேன்."

"ஆமா. சொல்லியிருந்தே."

அத்தை எழுந்து சிங்கத்தின் பக்கம் போனார்.

"ஒரு தடவை பாரு" என்றேன்.

சின்னவள் திரும்பினாள். மூலையிலிருந்த பொம்மை பேசியதைப் போலப் பார்த்தாள். "அத்தான், நீங்களா பேசினீங்க?"

"புதுசா பண்ணியிருக்கேன். பாத்துட்டு முடிவு பண்ணு."

"முதல்ல உடைஞ்சதைக் காட்டுங்க. அதைப் பாக்காம ஒட்டினதைப் பாக்க மாட்டேன்."

ஹிஸ்டரியைத் திறந்து நாற்காலியை அவளுக்கு விட்டேன். மேலிருந்து கீழாக வாசித்தாள். ஒரு வரியையும் தாண்டவில்லை. இரண்டு மூன்று இடங்களில் உதட்டைக் கடித்தாள். மாஸ்டர் லேட்டான வரியில் சிரித்தாள். அக்காவைப் பற்றிய வரியில் சற்று நின்றுவிட்டு நகர்ந்தாள். பிறகு ஒரு இடத்தில் விரல் நின்றது.

"சின்னவ வீட்டுல எனக்கு என்ன வேலை இருக்கும்." வெள்ளிக்கிழமை ஒருமுறை. ஞாயிறு ஒருமுறை. திங்கள் இரண்டு முறை.

"அம்மா, இது என்ன?"

"சும்மா கேட்டுப் பாத்தேன்."

"என்ன சொல்லுச்சு?"

"மாடித் தோட்டம் போடலாம்னு சொல்லுச்சு."

"நாங்க மூணாவது மாடியில இருக்கோம். எங்க தலைக்கு மேல இன்னும் ஆறு மாடி இருக்கு."

"அதையும் எழுதினேன். அப்படின்னா ஜன்னல்ல தொட்டி வைன்னுச்சு."

சின்னவள் நாற்காலியைப் பின்னால் தள்ளினாள். எழுந்தாள். கைப்பேசியை எடுத்துக்கொண்டு வெளியே போனாள். கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் எங்களுக்கு முதுகைக் காட்டி நின்றாள். கடைப் போன் அடித்தது.

அத்தை என்னைப் பார்த்தார். போனை எடுத்தார்.

"ஹலோ, வேஷக் கடையா?" கதவு வழியாக ஒரு தரம், போன் வழியாக ஒரு தரம் அவள் குரல் கேட்டது. தடித்த குரலில் பேசினாள். "எனக்கு ஒரு பாண்டா வேணும். இன்னிக்கு மத்தியானமே."

"பாண்டாவா? யாருக்குங்க, குழந்தைக்கா? எத்தனை வயசு? பிறந்தநாளா? நல்லா இருக்கட்டும்." பேசிக்கொண்டே அத்தை தட்டினார். பாண்டா ஒன்று, இன்று மதியம்.

வரி பச்சையானது.

 என் பட்டியலில் பாண்டா இல்லை. தெரியாத பெயர் வந்தால் புது உடை என்று எடுத்துக்கொள்ளும்படி நான்தான் எழுதியிருந்தேன். மாஸ்டர் என் காதருகே வந்து, "சார், பாண்டான்னு தனியா ஒண்ணும் கிடையாது" என்றார். "கரடிக்கு மேல வெள்ளைத் துணி வெச்சுத் தைச்சுக் குடுப்போம்." சின்னவள் இந்தக் கடையில் வளர்ந்தவள். தெரிந்துதான் கேட்டிருக்கிறாள்.

அத்தை பச்சை வரியைப் பார்த்தார். கண்ணாடியைத் தலைக்கு ஏற்றினார்.

"பாண்டா இன்னிக்கு இல்லீங்க. கம்ப்யூட்டர் இருக்குங்குது, பாவம், அதுக்குத் தெரியாது. பாண்டாவுக்குள்ள இருக்கறது எங்க கரடிதான். அது இப்போ பல் டாக்டர் வாசல்ல நின்னு பல்லைக் காட்டிக்கிட்டிருக்கு. சாயங்காலம்தான் வரும்."

"எனக்கு மத்தியானம் வேணுமே."

"உங்க குழந்தைக்குப் பாண்டாவே வேணுமா, இல்ல கறுப்பும் வெள்ளையுமா எதாவது வேணுமா?"

வெளியே முதுகு கொஞ்சம் யோசித்தது. "கறுப்பு வெள்ளைன்னா?"

"பென்குயின் இருக்கு. பாண்டா சும்மா உக்காந்துதான் இருக்கும். பென்குயின் நடக்கும் பாருங்க, அந்த நடைக்கே குழந்தைங்க பின்னாடி வரிசையா போகும். உள்ள காத்தோட்டமா வேற இருக்கும், மாஸ்டர் வலை வெச்சுத் தைச்சிருக்கார். மயக்கம் கியக்கம் வராது."

"வாடகை?"

"பாண்டாவை விடக் கம்மி."

"அப்ப பென்குயினே குடுங்க."

"சந்தோஷம். பேரு?"

கதவு திறந்தது. சின்னவள் போனைக் காதில் வைத்தபடியே உள்ளே வந்தாள். "எனக்கு எதுக்கும்மா பென்குயின்?" என்றாள்.

"அதை நீதான் சொல்லணும். நீ கேட்டே, நான் குடுத்தேன்."

மாஸ்டர் பென்குயினைக் கொக்கியிலிருந்து இறக்கவே ஆரம்பித்துவிட்டார். சின்னவள் நாற்காலியில் உட்கார்ந்து நீலக் கோப்பைத் திறந்தாள். 

"கம்ப்யூட்டர் தப்பு பண்ணுச்சு" என்றாள் என்னிடம். "பாண்டாவைச் சேத்துடுங்க, அத்தான். வரிக்குதிரையும் கழுதையும் ஒண்ணுதான், அதையும் சேருங்க. கடல்கன்னிக்கும் சுறாவுக்கும் ஒரே வால்."

எழுதிக்கொண்டேன். எனக்கு ஒன்றும் தெரிந்திருக்கவில்லை.

"ஒரு வருஷத்துக்குத்தான் போடுவேன்" என்றாள்.

"தாள்ல மூணுன்னு அச்சடிச்சிருக்கு" என்றார் அத்தை.

"மூணை வெட்டி ஒண்ணுன்னு எழுதலாம்."

"வெட்டினா அசிங்கமா இருக்கும். நீ தரம் பாக்கறவ. அடிச்சுத் திருத்தின தாள்ல கையெழுத்துப் போடுவியா?"

பன்னிரண்டுக்குக் கட்டட உரிமையாளர் வந்தார். பென்குயினைப் பார்த்து ஒரு அடி பின்வாங்கினார். பிறகு சுதாரித்துக்கொண்டு உட்கார்ந்தார். சின்னவள் மூன்று வருடத்துக்கே கையெழுத்துப் போட்டாள். அத்தையும் போட்டார்.  ஒருமுறை வாசித்துப் பார்த்துவிட்டு உரிமையாளர் தாளை மடித்துப் பைக்குள் வைத்து ஜிப்பை இழுத்தார்.

போன் அடித்தது. அத்தையின் இரண்டு கையிலும் தேநீர்க் கோப்பைகள். "மாப்பிள்ளை, அதை எடுங்களேன்."

எடுத்தேன். ஒரு அலுவலக ஆண்டு விழாவுக்கு இரண்டு பேர் உள்ளே போகிற குதிரை வேண்டுமாம். யார் முன்கால், யார் பின்கால் என்பதில் அங்கே இன்னும் தகராறு தீரவில்லையாம். மேலாளரைப் பின்காலாக நிறுத்துவது மரியாதையா என்று போனில் இருந்தவர் என்னிடமே கேட்டார். நான் விசாரித்தேன். மேலாளரின் உயரத்தைக் கேட்டேன். உயரமானவர் முன்னால் போவதுதான் குதிரைக்கு அழகு என்று சொன்னேன். அவருக்கு அது பிடித்துப்போயிற்று. சொல்லிச் சொல்லிச் சிரித்தார். தேதியைக் கேட்டேன். பெட்டியில் எழுதித் தட்டினேன். பச்சை. போனை வைத்துவிட்டுத் திரும்பினேன்.

மூன்று பேரும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அத்தான்" என்றாள் சின்னவள். "பேரும் நம்பரும் கேட்டீங்களா?"

கேட்கவில்லை.

சின்னவள் வேகமாக வாசலைப் பார்த்தாள். உரிமையாளர் ஒப்பந்தம் இருந்த பையை அக்குளில் இடுக்கிக்கொண்டு தெருமுனையைத் தாண்டியிருந்தார்.